பேட்மிண்டனுக்காக மகனின் படிப்பை நிறுத்தலாமா என்று கேட்ட அம்மாவுக்கு

வணக்கம் அம்மா.

போன சனிக்கிழமை ஈரோட்டிலிருந்து நீங்களும் தம்பியும் வந்துவிட்டுப் போனதிலிருந்து, நீங்கள் கொண்டுவந்த அந்தச் செலவு நோட்டுப் புத்தகம் என் நினைவிலேயே இருக்கிறது. ஒன்பதாம் வகுப்போடு பள்ளியை நிறுத்திவிட்டு ஹைதராபாத்திலோ பெங்களூரிலோ பேட்மிண்டன் அகாடமியில் சேர்க்கலாமா, ஆமாவா இல்லையா என்று ஒரே வார்த்தையில் சொல்லச் சொன்னீர்கள். அன்றைக்கு எனக்குச் சொல்ல வரவில்லை. மாநில அளவில் பிள்ளைகளைத் தயார்ப்படுத்தும் இரண்டு பயிற்சியாளர்களிடம் பேசிவிட்டு இப்போது எழுதுகிறேன்.

இந்த ஆண்டு வேண்டாம். பத்தாம் வகுப்புத் தேர்வை அவன் இப்போது படிக்கும் பள்ளியிலேயே எழுதட்டும். அதற்காக பேட்மிண்டனை நிறுத்தச் சொல்கிறேன் என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். ஒரு மணி நேரம்கூடக் குறைக்க வேண்டாம்.

உங்கள் வீட்டில் நடக்கும் வாக்குவாதத்தைச் சொன்னீர்கள். அவன் அப்பா ஒலிம்பிக் பதக்கம் வென்ற பி.வி. சிந்துவைக் காட்டுகிறார். நீங்கள் பக்கத்துத் தெருவில் விளையாட்டை நம்பிப் படிப்பை விட்ட பையனைக் காட்டுகிறீர்கள். இரண்டும் உண்மைதான். ஆனால் உங்கள் மகன் இந்த இரண்டு பேருக்கும் நடுவில் எங்கேயோ நிற்கப்போகிறான். அந்த நடு இடத்தில் வாழ்க்கை எப்படி இருக்கும் என்பதை யாரும் உங்களுக்குச் சொல்லவில்லை. அதைத்தான் முதலில் பார்க்க வேண்டும்.

வருமானத்திலிருந்து ஆரம்பிக்கிறேன். உலக பேட்மிண்டன் கூட்டமைப்பின் போட்டிகள் படிப்படியாக இருக்கின்றன. மேலே சூப்பர் 1000, அதற்குக் கீழே 750, 500, 300, 100. அதற்கும் கீழே இன்டர்நேஷனல் சேலஞ்ச், இன்டர்நேஷனல் சீரிஸ். டெல்லியில் நடக்கும் இந்தியா ஓப்பன் சூப்பர் 750 வகை. 2025ல் அதன் மொத்தப் பரிசு 9,50,000 டாலர். லக்னோவில் நடக்கும் சையத் மோடி போட்டி சூப்பர் 300. 2024ல் அதன் மொத்தப் பரிசு 2,10,000 டாலர், ஒற்றையரில் பட்டம் வென்றவருக்குப் பதினைந்தாயிரத்துச் சொச்சம் டாலர். இன்டர்நேஷனல் சேலஞ்ச் நிலைக்கு இறங்கினால், ஆண், பெண் ஒற்றையர், ஆண், பெண் இரட்டையர், கலப்பு இரட்டையர் என்ற ஐந்து பிரிவுக்கும் சேர்த்து மொத்தமே 15,000 டாலரைச் சுற்றித்தான் இருக்கும். விமான டிக்கெட், விசா, தங்குமிடம் எல்லாம் நம் செலவு. முதல் சுற்றிலோ இரண்டாம் சுற்றிலோ தோற்றுத் திரும்பும் வீரருக்குக் கையில் இருந்து போனதுதான் மிச்சம்.

உலகத் தரவரிசை, கடைசி 52 வாரங்களில் ஒருவர் எடுத்த சிறந்த பத்துப் போட்டிகளின் புள்ளிகளை வைத்துக் கணக்கிடப்படுகிறது. அதாவது மேலே ஏறும் காலத்தில் வருடத்துக்குப் பத்துப் பன்னிரண்டு வெளிநாட்டுப் பயணமாவது போயாக வேண்டும். அந்த மூன்று நான்கு வருடங்களை யார் தாங்குவது என்பதுதான் இந்தத் தொழிலின் கடினமான கேள்வி. திறமை இருந்தும் பலர் நின்றுபோவது இங்கேதான்.

நம் ஊர்ப் பையன் ஒருவரையே எடுத்துக்கொள்ளுங்கள். சென்னையில் பயிற்சி பெற்ற சங்கர் முத்துசாமி 2022ல் ஸ்பெயினில் நடந்த உலக ஜூனியர் சாம்பியன்ஷிப்பில் வெள்ளி வென்றார். ஜூனியரில் உலகத்திலேயே இரண்டாவது! அப்படிப்பட்டவர் சீனியர் பிரிவில் பெரிய பெயர் ஒன்றை வீழ்த்திப் பேசப்பட்டது 2025 மார்ச்சில், ஸ்விஸ் ஓப்பனில் டென்மார்க்கின் ஆண்டர்ஸ் ஆன்டன்சனைத் தோற்கடித்தபோது. இடையில் இரண்டு வருடத்துக்கு மேல் ஓடிவிட்டது. தம்பி மாநில அளவில் 15 வயதுக்குட்பட்டோரில் கால் இறுதி வரை வந்திருக்கிறான். நல்ல விஷயம், மனதாரப் பாராட்டுகிறேன். ஆனால் அங்கிருந்து சங்கர் நின்ற இடத்துக்கே இன்னும் எத்தனை படி என்று யோசியுங்கள். சங்கர் அந்த வெள்ளிக்கு வந்தது சென்னையில் பயிற்சி எடுத்துத்தான் என்பதையும் அப்பாவிடம் சொல்லுங்கள்.

சரி, உலகத் தரவரிசையில் மேலே வராதவர்கள் என்ன ஆகிறார்கள்? இதுதான் நீங்கள் கேட்க வேண்டிய கேள்வி. இதற்கு நல்ல பதில் இருக்கிறது, ஆனால் அந்தப் பதில் முழுக்கப் படிப்போடு பிணைந்திருக்கிறது.

மத்திய அரசுத் துறைகள், ரயில்வே, வருமான வரித் துறை, பொதுத்துறை எண்ணெய் நிறுவனங்கள் எல்லாம் விளையாட்டு வீரர்களை வேலைக்கு எடுக்கின்றன. தமிழக அரசுப் பணிகளில் சிறந்த விளையாட்டு வீரர்களுக்கு 3 சதவீத இடஒதுக்கீடு இருக்கிறது. தமிழ்நாடு பொறியியல் சேர்க்கைக் கலந்தாய்விலும் விளையாட்டு ஒதுக்கீடு உண்டு. ஆனால் பத்தாவதுகூட முடிக்காத பையனுக்கு விளையாட்டு ஒதுக்கீட்டில் என்ன வேலை கிடைக்கும்? குறைந்தபட்சக் கல்வித் தகுதியை அந்த ஒதுக்கீட்டிலும் பார்ப்பார்கள். பட்டப்படிப்பு இருந்தால் ஒரு நிலை, பன்னிரண்டாவது என்றால் இன்னொரு நிலை. என்னிடம் வந்த ஒரு பையன் தேசிய அளவில் இரட்டையர் ஆடியவன். பி.காம். கடைசி இரண்டு பேப்பரை எழுதாமல் விட்டிருந்தான். அவனோடு அதே அணியில் ஆடியவன் பட்டத்தோடு உள்ளே போனான். இவன் இரண்டு நிலை கீழே சேர்ந்தான். அந்த இரண்டு பேப்பரை அவன் 27 வயதில் எழுதினான்.

இன்னொன்று. இதை எந்த அகாடமியிலும் சொல்ல மாட்டார்கள். மத்திய அரசின் விளையாட்டு ஒதுக்கீட்டு விதிகளில், நாட்டுக்காகவோ மாநிலத்துக்காகவோ ஆடியவர்கள் மட்டும் இல்லை. பல்கலைக்கழகங்களுக்கு இடையிலான போட்டியில் ஆடியவர்களும், தேசியப் பள்ளி விளையாட்டுகளில் மாநில அணிக்காக ஆடியவர்களும் தகுதி பெறுகிறார்கள். ஒவ்வொன்றுக்கும் தனிப் படிவம் உண்டு. தரவரிசைப் போட்டிகளை மட்டும் குறிவைக்கும் குடும்பங்கள் பள்ளி விளையாட்டை 'அது சும்மா' என்று தள்ளிவிடுகின்றன. தள்ளாதீர்கள். பள்ளிக் குழுவில் ஆட வேண்டுமென்றால் பள்ளியில் பெயர் இருக்க வேண்டும், பல்கலைக்கழக அணியில் ஆட வேண்டுமென்றால் கல்லூரியில் பெயர் இருக்க வேண்டும். போட்டி முடிந்த வாரமே படிவத்தில் கையெழுத்து வாங்கிவிடுங்கள். ஐந்து வருடம் கழித்து, மாறிப்போன செயலாளரைத் தேடி அலைந்தவர்களை நான் பார்த்திருக்கிறேன். பிறப்புச் சான்றிதழ், ஆதார், பள்ளி ஆவணம் மூன்றிலும் பிறந்த தேதி ஒன்றாக இருக்கிறதா என்று இன்றைக்கே பாருங்கள்.

சிந்துவையே எடுத்துக்கொள்ளுங்கள். 2016 ரியோவில் வெள்ளி, 2019ல் உலக சாம்பியன், டோக்கியோவில் வெண்கலம். இதற்கு நடுவில் அவர் பட்டமும் எம்.பி.ஏ.வும் படித்தார். ஆந்திர அரசு 2017ல் துணை ஆட்சியர் பதவி கொடுத்தது. நமக்கு இன்னும் பக்கத்தில், நாமக்கல் கால்நடை மருத்துவக் கல்லூரியில் படித்தபடியே துளசிமதி முருகேசன் 2024 பாரிஸ் பாராலிம்பிக்ஸில் பாரா பேட்மிண்டனில் வெள்ளி வென்றார். கால்நடை மருத்துவம் எவ்வளவு கடினமான படிப்பு என்று உங்களுக்கே தெரியும். இந்த இரண்டு பேருக்கும் படிப்பு குறுக்கே நிற்கவில்லை.

பள்ளியில் பேச வேண்டியதை நானே எழுதித் தருகிறேன். காலை ஐந்தரை மணிப் பயிற்சிக்குப் பிறகு முதல் பாடவேளைக்குத் தாமதமாக வர அனுமதி, போட்டி நாட்களுக்கு வருகைப்பதிவில் சலுகை, தவறிய தேர்வை மறுபடி எழுத வாய்ப்பு. தலைமையாசிரியர்களில் பலர் கேட்டால் தருகிறார்கள், நாம்தான் கேட்பதில்லை. பத்தாவதுக்குப் பிறகு பயிற்சி உண்மையாகவே முழுநேரம் ஆகிவிட்டால், தேசியத் திறந்தநிலைப் பள்ளி என்ற வழி இருக்கிறது. அதை அப்போது யோசிப்போம்.

அப்புறம், அவன் ஒற்றையர் மட்டும்தான் ஆடுவான் என்று ஏன் முடிவு செய்தீர்கள்? நம் பெற்றோர் எல்லாருக்கும் ஒற்றையர்தான் பேட்மிண்டன். ஆனால் 2023 ஆசிய விளையாட்டில் தங்கம் வாங்கி, அதே ஆண்டு உலகத் தரவரிசையில் முதலிடம் பிடித்த சாத்விக்–சிராக் ஜோடி இரட்டையர் ஆடுபவர்கள். தம்பி வலைக்குப் பக்கத்தில் வேகமாக இருக்கிறான் என்று அவன் பயிற்சியாளர் உங்களிடம் சொன்னதாகச் சொன்னீர்கள். அடுத்த இரண்டு மாநிலப் போட்டிகளில் இரட்டையருக்கும் பெயர் கொடுங்கள்.

இப்போது பணம். நீங்கள் கொண்டுவந்த நோட்டில் கோர்ட் கட்டணம், பயிற்சிக் கட்டணம், ஷட்டில், ராக்கெட் நரம்பு மாற்றிய செலவு, கோயம்புத்தூர் பஸ் டிக்கெட் வரை தேதிவாரியாக எழுதியிருந்தீர்கள். 12 ஷட்டில் இருக்கும் ஒரு டியூப், நல்ல இறகு என்றால் ஆயிரத்தைத் தாண்டி எங்கேயோ போய்விட்டது. கடுமையாக ஆடினால் ஒரு ஷட்டில் ஒரு செட்டைக்கூடத் தாங்காது. செப்டம்பர் மாதத்துக்குக் கீழே 'வளையல்' என்று ஒரே ஒரு வார்த்தை இருந்தது. அதைப் பார்த்ததும் எனக்குப் பேச்சு வரவில்லை அம்மா.

சிந்துவுக்குப் பயிற்சி கொடுத்த கோபிசந்த் தன் வீட்டையே அடமானம் வைத்து அகாடமி கட்டியவர். அவரே 2025ல், வசதி இல்லாத குடும்பங்கள் பிள்ளைகளை முழுநேர விளையாட்டில் இறக்க வேண்டாம் என்று வெளிப்படையாகச் சொன்னார். அதை நான் முழுதாக ஏற்கவில்லை. ஆனால் அவர் எச்சரித்தது எதைப் பற்றியோ அதை என் மேஜைக்கு எதிரே நிறையப் பார்த்திருக்கிறேன். எனவே ஒரு கோடு போடுங்கள்: வீட்டுப் பத்திரத்தைத் தொடுவதில்லை, சின்னவளின் படிப்புப் பணத்தைத் தொடுவதில்லை, இனி நகை வைப்பதில்லை. வருடத்துக்கு இவ்வளவுதான் என்று அப்பாவும் நீங்களும் சேர்ந்து ஒரு தொகையை எழுதுங்கள். அதற்கு மேல் வேண்டியதை வெளியே தேடுவோம். தேசிய அளவுக்கு வந்தால் தமிழ்நாடு விளையாட்டு மேம்பாட்டு ஆணையத்தின் உதவித் திட்டங்கள் இருக்கின்றன, தமிழ்நாடு சாம்பியன்ஸ் அறக்கட்டளை இருக்கிறது. மத்திய அரசின் கேலோ இந்தியா திட்டத்தில் தேர்வானால் பயிற்சிச் செலவோடு கைச்செலவுக்கு மாதம் 10,000 ரூபாய் வரும். ஒலிம்பிக் பதக்க இலக்குத் திட்டத்தின் வளர்நிலைப் பட்டியலில் மாதம் 25,000, முதன்மைப் பட்டியலில் 50,000. அந்தப் பட்டியல்கள் மிகச் சிறியவை. அவற்றை நம்பிக் கடன் வாங்கக் கூடாது.

அரசு விருதும் பரிசுத் தொகையும் காமன்வெல்த் பதக்கத்தால் வருகிறதே என்று அப்பா கேட்டாராம். 2026 கிளாஸ்கோ காமன்வெல்த் போட்டியில் பேட்மிண்டனே கிடையாது. ஒரு வீரரின் கணக்கு இப்படி யாரோ எங்கேயோ எடுக்கும் முடிவால் மாறிவிடும் என்பதற்காகச் சொல்கிறேன்.

அகாடமிக்கு அனுப்பியே ஆக வேண்டும் என்றால், வரும் கோடை விடுமுறையில் ஒரு மாதம் மட்டும் அனுப்புங்கள். நீங்களும் முதல் வாரம் கூடவே இருங்கள். கண்ணாடிக் கதவையும் கோர்ட் எண்ணிக்கையையும் பார்க்காதீர்கள். ஒரு கோர்ட்டில் எத்தனை பிள்ளைகள் நிற்கிறார்கள், மல்டி ஷட்டில் பயிற்சியில் அடுத்தடுத்து ஷட்டிலைப் போட்டுக்கொடுப்பது பயிற்சியாளரா அல்லது பெரிய பையனா, முழங்கால் வலி என்று ஒரு பிள்ளை சொன்னால் அங்கே என்ன செய்கிறார்கள் என்று பாருங்கள். வளரும் வயதில் முட்டியும் கணுக்காலும் முதுகும்தான் போகும். சிந்துவே 2022 காமன்வெல்த் தங்கத்தைக் கணுக்கால் காயத்தோடு வென்றுவிட்டு, அந்த ஆண்டு உலக சாம்பியன்ஷிப்பில் ஆட முடியாமல் போனார். கடைசியாக, பதினெட்டு பத்தொன்பது வயதில் அந்த அகாடமியை விட்டுப் போனவர்கள் இப்போது என்ன செய்கிறார்கள் என்று கேளுங்கள். பதக்கம் வாங்கியவர்களின் படம் சுவரில் இருக்கும். மற்றவர்களைப் பற்றிச் சொல்லத் தெரிகிறதா என்று பாருங்கள்.

என் கணக்கில் அடுத்த முடிவு அவனுடைய பதினேழாவது வயதில். அதற்குள் 17 வயதுக்குட்பட்டோருக்கான அகில இந்தியத் தரவரிசைப் போட்டிகளில், நூற்றுக்கணக்கான பேர் மோதும் தகுதிச் சுற்றைத் தாண்டி, பிரதான சுற்றில் தொடர்ந்து ஆட ஆரம்பித்துவிட்டான் என்றால், அப்போது முழுநேரம் பற்றி நானே உங்கள் வீட்டுக்கு வந்து அப்பாவிடம் பேசுகிறேன். இல்லையென்றால், கல்லூரி, பல்கலைக்கழக அணி, விளையாட்டு ஒதுக்கீட்டு வேலை என்ற வழியில் போகட்டும். அதுவும் பேட்மிண்டன் வாழ்க்கைதான். பிற்பாடு பயிற்சியாளராக விரும்பினால் பாட்டியாலா தேசிய விளையாட்டு நிறுவனத்தின் டிப்ளமோ இருக்கிறது. அதற்கும் பட்டம் கையில் இருப்பது நல்லது.

நீங்கள் கவனித்தீர்களா என்று தெரியவில்லை. அந்த நோட்டின் கடைசிப் பக்கங்களில் தம்பியின் கையெழுத்து இருந்தது. தோற்ற ஆட்டங்களின் ஸ்கோரை மட்டும் எழுதியிருக்கிறான். 18–21, 21–19, 17–21. பக்கத்தில் பென்சிலால், 'பேக்ஹேண்ட் மூலை, ஏழு பாயின்ட்'. யாரும் சொல்லாமல் அவனே எழுதியது அது. மே மாதம் வரும்போது அந்த நோட்டை மறக்காமல் கொண்டு வாருங்கள். இந்த முறை கடைசிப் பக்கத்திலிருந்து ஆரம்பிப்போம். அப்பாவையும் அழைத்து வாருங்கள்.