அமெரிக்காவின் யூட்டா, மாநிலமாவதற்கு ஏன் 46 ஆண்டுகள் காத்திருந்தது?

மக்கள்தொகை போதாததுதான் காரணமா என்று கேட்டிருக்கிறீர்கள். இல்லை. யூட்டாவிலிருந்து 1861-இல் பிரிந்த நெவாடா, அதைவிடக் குறைந்த மக்களோடு 1864-லேயே மாநிலமாகிவிட்டது. யூட்டாவுக்குக் குறுக்கே நின்றது பலதார மணம்.

பிரிகாம் யங் தலைமையில் 1847-இல் சால்ட் லேக் பள்ளத்தாக்கில் குடியேறிய மார்மன்கள் (பலதார மணத்தைக் கடைப்பிடித்த ஒரு கிறிஸ்தவப் பிரிவினர்), 1849-இல் 'டெசரெட்' என்ற பெயரில் மாநிலம் கேட்டார்கள். அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸ் 1850-இல் ஆட்சிப்பகுதி அந்தஸ்தை மட்டுமே கொடுத்தது. ஆளுநரை ஜனாதிபதியே நியமிப்பார்.

பிறகு பலதார மணத்துக்கு எதிராக அடுத்தடுத்து தடைச் சட்டங்கள் வந்தன. 1887-ஆம் ஆண்டுச் சட்டம்தான் மிகக் கடுமையானது. மார்மன் சபையின் சொத்துகளைப் பறிமுதல் செய்ய வழிவகுத்த அது, யூட்டா பெண்கள் 1870-இல் பெற்ற வாக்குரிமையையும் பறித்தது. பலதார மணத்தோடு தொடர்பே இல்லாத பெண்களும் அதை இழந்தார்கள். எந்த நியாயத்தின்படி பார்த்தாலும் இது அநீதி.

1890-இல் சபைத் தலைவர் வில்ஃபோர்ட் உட்ரஃப், பலதார மணத்தைக் கைவிடும்படி அறிக்கை வெளியிட்டார். அதன் பிறகே வழி பிறந்தது. புதிய அரசியல் சாசனம் அந்த மணமுறையை என்றென்றைக்குமாகத் தடைசெய்தது. பெண்களுக்கு வாக்குரிமையைத் திருப்பித் தந்தது. 1896 ஜனவரி 4 அன்று யூட்டா 45-ஆவது மாநிலமானது. அதே ஆண்டு நவம்பரில் மருத்துவர் மார்த்தா ஹியூஸ் கேனன் மாநில செனட்டுக்குத் தேர்வானார். அமெரிக்காவிலேயே அந்தப் பதவிக்கு வந்த முதல் பெண் அவர். தோற்ற வேட்பாளர்களில் அவருடைய கணவரும் ஒருவர்.