உருமாறும் கோபுரத்துக்கு ஒரு விதி கொடுங்கள்

வணக்கம் நண்பரே. உங்கள் நாவலில் வரும் மாயக் கோபுரம் ஒவ்வொரு இரவும் உருமாறுகிறது, ஆனால் நான்காம் அத்தியாயத்துக்குமேல் வாசகருக்குப் பதற்றமே வரவில்லை, ஏன் என்று கேட்டிருந்தீர்கள். எது வேண்டுமானாலும் நடக்கும் என்றால் அவர் எதற்குப் பயப்படுவார்?

நீங்களும் தர்மபுரிக்காரர்தானே, ஒகேனக்கல்லை நினைத்துப் பாருங்கள். நீர்வரத்து கூடினால் நேற்றுப் பரிசல் நுழைந்த பாறை இடுக்கு இன்று சுழலாகிவிடும். ஆனால் காவிரி நீர்வரத்தை அளக்கும் பிலிகுண்டுலுவில் எத்தனை கன அடி என்று கேட்டாலே நம்மவர்களுக்கு நிலவரம் புரியும். அதிகமானால் பரிசலையே நிறுத்திவிடுவார்கள்.

உங்கள் நாயகிக்கும் அப்படி ஓர் அளவு வேண்டும். வாசற்படியில் ஈரம் எத்தனை கல் ஏறுகிறதோ, அத்தனை தளங்கள் இடம் மாறட்டும். ஒருநாள் அவள் கணக்குத் தப்பி, தம்பி உள்ளே மாட்டிக்கொள்ளட்டும். கோபுரத்துக்குள் நீங்கள் எழுதிய அந்தக் கண்ணாடி அறை அருமை, அதை மட்டும் தயவுசெய்து தொடாதீர்கள்.