ஆண்டிஸ் மலையில் நெசவு கற்க: முதலில் பாவு போடக் கேளுங்கள்

ஈரோட்டிலிருந்து ஒரு வாசகி கேட்டிருக்கிறார்: "ஜூன் கடைசியில் மூன்று வாரம் பெரு நாட்டுக்குப் போகிறேன். மச்சு பிச்சுவுக்கு ஒரு நாள் போதும். மற்ற நாட்களில் அங்குள்ள பெண்களிடம் நெசவும் இயற்கைச் சாயமும் கற்றுக்கொள்ள ஆசை. வீட்டில் சின்னச் சட்டத்தறியில் கொஞ்சம் நெய்வேன். ஸ்பானிஷ் தெரியாது. எங்கே போவது, எத்தனை நாள் ஒதுக்குவது? கற்றதை ஊருக்கு வந்து தொடர முடியுமா?"

தொடர முடியும். ஆனால் அது நீங்கள் அங்கே என்ன கேட்டு வாங்கிக்கொள்கிறீர்கள் என்பதைப் பொறுத்தது. பெரும்பாலான பயணிகள் அழகான ஒரு பட்டையை நெய்து எடுத்துக்கொண்டு வருகிறார்கள். ஊருக்கு வந்ததும் இரண்டாவது பட்டையைத் தொடங்கத் தெரியாமல் விழிக்கிறார்கள். ஏன் என்று கீழே சொல்கிறேன், அதுதான் இந்தப் பதிலில் முக்கியமான விஷயம்.

முதலில் இடம். குஸ்கோ நகரையும் அதைச் சுற்றியுள்ள மலைக் கிராமங்களையும் விட்டு அதிகம் அலைய வேண்டாம். குஸ்கோவில் எல் சோல் அவென்யூவில் 'சென்ட்ரோ தெ டெக்ஸ்டிலெஸ் ட்ரடிசியோனாலெஸ்' என்ற பாரம்பரிய நெசவு மையம் இருக்கிறது. சின்செரோ ஊரைச் சேர்ந்த நெசவாளர் நில்டா கயன்யவுப்பா தன் ஊர்ப் பெண்களோடு தொடங்கிய முயற்சி, 1996இல் நிறுவனமானது. கைவிட்டுப் போய்க்கொண்டிருந்த இயற்கைச் சாயத்தையும் பழைய கோலங்களையும் முதியவர்களிடம் கேட்டு மீட்டெடுத்ததில் இவர்களுக்குப் பெரிய பங்கு உண்டு. மையத்திலேயே அருங்காட்சியகம் உண்டு, கிராமத்திலிருந்து வந்த பெண்கள் அங்கே உட்கார்ந்து நெய்துகொண்டிருப்பார்கள். முன்கூட்டி எழுதிக் கேட்டால் வகுப்பும் எடுக்கிறார்கள். இன்னொரு வழி, ஒய்யாந்தாய்தாம்போவில் இயங்கும் அவாமாகி என்ற அமைப்பு. பட்டகன்சா, வியோக் போன்ற உயரமான கிராமங்களின் பெண்கள் குழுக்களோடு வேலை செய்கிறது. ஊருக்குள் போய் அவர்கள் வீட்டு முற்றத்திலேயே கற்க வேண்டும் என்றால் இதுவே தோது.

டிட்டிகாகா ஏரியின் தக்கீலே தீவைப் பற்றியும் படித்திருப்பீர்கள். அதன் துணிக்கலை யுனெஸ்கோ பட்டியலில் இருக்கிறது. அங்கே ஆண்கள் குல்லாய் பின்னுவார்கள், பெண்கள் இடுப்புப் பட்டை நெய்வார்கள். பார்க்க அருமையான இடம். உங்களுக்கு இருக்கும் நாளில் கற்பதற்காக அவ்வளவு தூரம் போக வேண்டாம்.

சின்செரோவில் ஒன்று கவனியுங்கள். பேருந்துகள் வந்து நிற்கும் பட்டறைகளில் அரைமணி நேரச் செயல்விளக்கம் நடக்கும். ஒரு பெண் கிழங்கு ஒன்றைத் துருவி நுரை வரவைத்து அழுக்குக் கம்பளியை வெளுத்துக் காட்டுவார். கொச்சினீல் பூச்சி ஒன்றை உள்ளங்கையில் நசுக்குவார், ரத்தச் சிவப்பு வரும். எலுமிச்சையைப் பிழிந்தால் ஆரஞ்சுக்குப் போகும், சாம்பலைத் தொட்டால் ஊதாவுக்கு ஓடும். அப்படியே உதட்டில் தடவி ஒரு ஜோக்கும் அடிப்பார். நன்றாகத்தான் இருக்கும், சொல்வதும் பொய்யில்லை. ஆனால் அது வகுப்பு அல்ல, கடைக்கு முன்னால் ஒரு நிகழ்ச்சி. ஒருமுறை பாருங்கள், பிடித்ததை வாங்குங்கள், அதோடு சரி.

இப்போது பாவு விஷயம். பாவு என்பது தறியில் நீளவாக்கில் கட்டும் நூல், ஊடை அதன் குறுக்கே போகும் நூல். நம் கைத்தறியில் இரண்டுமே கண்ணுக்குத் தெரியும். ஆண்டிஸ் நெசவில் ஊடை முழுக்க உள்ளே மறைந்துவிடும், பாவு நூல்கள் நெருக்கியடித்து நின்று துணியின் முகமாக இருக்கும். எந்த நிறம் எங்கே வரும், எத்தனை ஜோடி நூல், கரை எவ்வளவு என்று எல்லாமே பாவு போடும்போதே முடிவாகிவிடும். தறியில் உட்கார்ந்தபின் நிறத்தை மாற்ற வழியில்லை. தரையில் இரண்டு முளைகளை அடித்து, ஆளுக்கொரு பக்கம் இரண்டு பெண்கள் உட்கார்ந்து, நூலுருண்டையை மாற்றி மாற்றி உருட்டி, எட்டு போட்ட மாதிரி பாவைக் கட்டுவார்கள். நடுவில் நூல்கள் ஒன்றையொன்று கடந்து விழும் அந்தக் குறுக்குதான் உயிர். அது கலைந்தால் எல்லாம் போச்சு.

பயணிகளுக்கான வகுப்பில் இந்த வேலையை முந்தின நாளே முடித்து வைத்திருப்பார்கள். விழுது, அதாவது பாவு நூல்களைப் பிரித்துத் தூக்க உதவும் நூல் கண்ணிகள், அதைக் கட்டுவதும் முடிந்திருக்கும். நீங்கள் போய் உட்கார்ந்து கோலத்தை மட்டும் எடுத்து நெய்வீர்கள். அவர்கள் ஏமாற்றவில்லை, ஒரு நாளுக்குள் உங்கள் கையில் ஏதாவது கொடுத்தனுப்ப வேண்டுமே! ஆகவே பதிவு செய்யும்போதே எழுதுங்கள்: "பாவு போடவும் விழுது கட்டவும் நானே கற்க வேண்டும், அதற்கு ஒரு முழு நாள் தாருங்கள்." அந்த நாள் சலிப்பாகத்தான் இருக்கும். நூல் அறுபடும், இழுவிசை ஒரு பக்கம் தளரும், அவிழ்த்து மறுபடி போடச் சொல்வார்கள். நான் மாணவர்களிடம் எப்போதும் சொல்வது: கோலத்தைப் படம் பார்த்துக்கூடப் பிடித்துவிடலாம், பாவை ஆள் பக்கத்தில் இருந்தால்தான் கற்க முடியும்.

மூன்று வாரத்தில் தொடர்ச்சியாக ஆறேழு நாளை நெசவுக்கு வையுங்கள். ஒரே ஆசிரியை, ஒரே பட்டை. சின்செரோவில் குழந்தைகள் ஹக்கிமா என்கிற ஒடுக்கமான நாடாவில்தான் தொடங்குகிறார்கள், பெரிய மேல்துணியான யிக்யாவுக்கு அப்புறம்தான் வருகிறார்கள். உங்களுக்கும் அதே வரிசை. நாலு ஊருக்குப் போய் நாலு கோலம் பொறுக்குவதால் பயனில்லை. ஊருக்கு ஊர் பாணி வேறு. பிட்டுமார்காவில் பாவையே நடுவில் நிறம் மாற்றி இணைக்கும் ஒரு கடினமான முறை உண்டு. அதையெல்லாம் அருங்காட்சியகத்தில் பார்த்து ரசியுங்கள்.

தறி என்று பார்த்தால் நாலைந்து குச்சிகளும் ஒரு இடுப்புவாரும்தான். ஒரு முனை கம்பத்தில், மறுமுனை உங்கள் இடுப்பில். பின்னால் சாய்ந்தால் பாவு விறைக்கும். விழுதைத் தூக்கும்போது லேசாக முன்னால் வந்து தளர்த்த வேண்டும், தூக்கிய பிறகு மறுபடி சாய வேண்டும். கையை விட இடுப்புதான் வேலை செய்கிறது. புதியவர்கள் எல்லோரும் விறைப்பாகவே உட்கார்ந்து விழுதோடு மல்லுக்கட்டுவார்கள். நெருக்கமான பாவு என்பதால் நூல்கள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும். அப்போது ருக்கி என்ற லாமா எலும்புக் கருவியின் வழவழப்பான முனையால் நூல்களின் மேல் குறுக்கே வருடிவிட்டால் பளிச்சென்று பிரியும். ஊடையை அடித்து இறுக்குவதும் அதாலேயேதான். ஒன்று வாங்கிக்கொள்ளுங்கள். மற்ற குச்சிகளை நம்மூர் ஆசாரி அரை மணியில் சீவிக் கொடுத்துவிடுவார்.

அங்கே கையில் நூற்ற நூலைத் தொட்டுப் பாருங்கள். தக்ளி போன்ற புஷ்காவில் நூற்று, இரண்டு புரியாக்கி, மறுபடியும் முறுக்கேற்றியிருப்பார்கள். கம்பி மாதிரி இருக்கும். அந்த முறுக்கு இல்லையென்றால் இந்த நெசவு நடக்காது. ஊருக்கு வந்து கடையில் ஸ்வெட்டர் நூலை வாங்கிப் பாவு போட்டால் பத்து வரிசைக்குள் பஞ்சு பஞ்சாகிச் சிக்கிக்கொள்ளும். வீட்டுப் பயிற்சிக்கு மெர்சரைஸ் செய்த பருத்திக் குரோஷே நூல் நன்றாக வேலை செய்யும்.

சாயத்துக்கு ஒன்றிரண்டு நாள் போதும். சிவப்பு கொச்சினீலில் வருகிறது, நம் சப்பாத்திக் கள்ளியின் இனத்தில் வாழும் செதில் பூச்சி அது. (18ஆம் நூற்றாண்டின் கடைசியில் ஜேம்ஸ் ஆண்டர்சன் என்ற கிழக்கிந்தியக் கம்பெனி மருத்துவர் இந்தப் பூச்சியை வளர்க்கவே சைதாப்பேட்டையில் கள்ளித் தோட்டம் போட்டார். நல்ல இனம் வந்து சேரவில்லை, தொழிலும் எழவில்லை.) மஞ்சளுக்கு கொல்யே மரத்தின் பூ. பச்சைக்கு சில்கா என்ற புதரின் இலை, அதோடு கொல்பா எனும் தாது உப்பு. சப்பி சப்பி என்ற வேரிலும் சிவப்பு எடுப்பார்கள், அது நம் சாயவேரின் குடும்பத்தைச் சேர்ந்த செடி. நீலத்துக்கு அவுரி, புளித்த சிறுநீரில் கரைப்பது பழைய வழக்கம். அவுரியை அங்கே கற்க நேரம் செலவிட வேண்டாம். திண்டிவனம் பக்கமே அவுரி விளைகிறது, பக்குவம் தெரிந்தவர்களும் அங்கேயே இருக்கிறார்கள்.

செடிப் பட்டியலை மனப்பாடம் செய்வதை விட, எந்த நேரத்தில் எதைச் சேர்க்கிறார்கள் என்று பாருங்கள். சாயத்தை நூலில் பிடித்து வைப்பது படிகாரம். அதன்பின் புளிப்பு சேர்த்தால் கொச்சினீல் செம்மஞ்சள் பக்கம் போகும், சாம்பல் போன்ற காரம் சேர்த்தால் ஊதா, இரும்பு பட்டால் கறுக்கும். இந்த மூன்றும் தெரிந்தால் ஒரே பூச்சியில் ஏழெட்டு நிறம் எடுக்கலாம். வீட்டில் தொடங்க ஓர் அளவு: 100 கிராம் கம்பளிக்கு 12 முதல் 15 கிராம் படிகாரம், 5 முதல் 8 கிராம் காய்ந்த கொச்சினீல் பொடி. படிகாரம் நாட்டு மருந்துக் கடையிலேயே கிடைக்கும்.

அடுப்பில்தான் ஒரு சூட்சுமம். சின்செரோ சுமார் 3,760 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. அங்கே தண்ணீர் 87, 88 டிகிரியிலேயே கொதித்துவிடும். "நல்லா கொதிக்கணும்" என்று ஆசிரியை சொல்வதை ஈரோட்டில் அப்படியே செய்தால் நூறு டிகிரிக்குப் போய்விடும். கம்பளி கரடுமுரடாகும், கிளறினால் சுருங்கி மொத்தையாகும். ஆகவே இங்கே ஓரங்களில் ஆவி பறந்து சின்னக் குமிழி தலைகாட்டும் நிலையிலேயே தீயைக் குறைத்துவிடுங்கள். சாயத்திலிருந்து எடுத்த நூலைச் சூட்டோடு குளிர்ந்த நீரில் போடவும் கூடாது, பாத்திரத்திலேயே ஆற விடுங்கள்.

பருத்தியில் போடுவதானால் முறையே வேறு. முதலில் கடுக்காய்த் தண்ணீர், பிறகு படிகாரம், அப்புறம்தான் சாயம். பெருவில் கடுக்காயின் இடத்தில் தாரா என்ற மரத்தின் காய் இருக்கிறது, இரண்டிலும் துவர்ப்புதான் சரக்கு. கொல்யே பூவுக்குப் பதில் துலுக்கச் சாமந்தி போதும். சில்காவின் பச்சையை மயில்துத்தம் கலந்து இங்கே எடுக்கப் பார்ப்பவர்கள் உண்டு. அது விஷம். சமையல் பாத்திரத்தில் வேண்டாம், கழிவை வாய்க்காலில் ஊற்றவும் வேண்டாம்.

"எல்லாம் இயற்கைச் சாயம், எல்லாம் அல்பாக்கா" என்று சந்தையில் சொல்வதை அப்படியே நம்பாதீர்கள். அக்ரிலிக் நிறைய ஓடுகிறது. அதற்காகக் கண்ணைப் பறிக்கும் இளஞ்சிவப்பைப் பார்த்ததும் போலி என்று முகம் சுளிக்கவும் வேண்டாம். பல கிராமங்களில் பெண்கள் தாங்கள் உடுத்துவதற்கு அந்தப் பளிச் நிறங்களையே விரும்பி நெய்துகொள்கிறார்கள். மங்கிய நிறம்தான் 'அசல்' என்பது பெரும்பாலும் வெளியாளின் ரசனை. யாராவது மூட்டைக்குள்ளிருந்து பழங்காலத் துணி என்று எடுத்துக் காட்டினால் வாங்காதீர்கள். ஸ்பானியர் வருகைக்கு முந்தைய துணிகளை நாட்டைவிட்டு எடுத்துப் போவது சட்டப்படி குற்றம்.

ஜூன் 24 'இந்தி ரய்மி' என்ற இன்கா மரபுச் சூரிய விழா. அதையொட்டிய நாட்களில் குஸ்கோவில் அறை கிடைப்பது கஷ்டம், கிடைத்தால் விலை அதிகம். அது அறுவடை முடியும் காலமும்கூட, கிராமத்துப் பெண்களுக்கு வயல்வேலை இருக்கும். அதனால் வகுப்புக்கு இப்போதே எழுதுங்கள். மழை இருக்காது, பகல் வெயில் சுள்ளென்று அடிக்கும், இரவில் மேல் கிராமங்களில் உறைபனி. முதல் இரண்டு மூன்று நாளை ஒய்யாந்தாய்தாம்போவில் கழியுங்கள், சுமார் 2,800 மீட்டர்தான், குஸ்கோவை விடத் தாழ்வு. தலைவலியோடு குனிந்து உட்கார்ந்து நூல் எண்ண முடியாது. உயர நோய்க்கான மாத்திரை தேவையா என்று கிளம்பும் முன் மருத்துவரிடம் கேட்டுக்கொள்ளுங்கள்.

மொழியைப் பற்றிப் பெரிதாகக் கவலைப்பட வேண்டாம். உங்கள் ஆசிரியைக்கும் தாய்மொழி ஆண்டிஸ் மலைமக்கள் பேசும் கெச்சுவாவாகத்தான் இருக்கும், ஸ்பானிஷ் அவருக்கும் பள்ளிக்கூட மொழியே. உங்கள் விரலைப் பிடித்து நூலில் வைத்துத்தான் சொல்லித் தருவார். 'உஹ் குடிதவன்' என்றால் இன்னொரு தடவை. நாள் முழுக்க அதைத்தான் சொல்லிக்கொண்டிருப்பீர்கள். எண்களை மட்டும் ஸ்பானிஷில் இருபது வரை படித்துவிட்டுப் போங்கள், ஜோடி எண்ணும்போது உதவும். படம் எடுக்கும் முன் கேளுங்கள். கட்டணத்தில் பேரம் வேண்டாம், அதில் எவ்வளவு ஆசிரியைக்குப் போகிறது என்று அமைப்பிடம் தாராளமாகக் கேட்கலாம். ஒழுங்கான இடத்தில் தயங்காமல் சொல்வார்கள்.

திரும்பும்போது சாயச் செடிகளையும் பதப்படுத்தாத கம்பளியையும் பெட்டியில் திணிக்காதீர்கள், விமான நிலையத்தில் தகராறு. சாயமேற்றிய நூல் சிட்டங்களாக வாங்கி வாருங்கள், நிறத்துக்கு மாதிரியாகவும் இருக்கும். கடைசி நாளில் ஆசிரியையிடம் பாவு மட்டும் போட்ட ஒரு பட்டையைக் கேட்டு வாங்குங்கள். குறுக்கு கலையாமல் இரு பக்கமும் நூலால் கட்டிச் சுருட்டித் தருவார். வீட்டில் ஜன்னல் கம்பியில் ஒரு முனையைக் கட்டி, முதலில் அதை நெய்து முடியுங்கள். அடுத்த பாவை வந்த முதல் மாதத்துக்குள்ளேயே நீங்களே போட்டுவிடுங்கள், தள்ளிப்போட்டால் கை மறந்துவிடும். இரண்டு நாற்காலிக் கால்களும் உருண்டையைத் திருப்பித் தர ஓர் ஆளும் இருந்தால் போதும்.