கொடிக்கம்பத்தின் நிழலில் ஒரு வரிசை

கேள்வி: மெக்ஸிகோ நகரத்தில் பிரான்சிஸ் அலீஸ் என்று ஒருவர், பெரிய ஐஸ் பார் ஒன்றை ஒன்பது மணி நேரத்துக்கு மேல் தெருத் தெருவாகத் தள்ளிக்கொண்டே போய்க் கரைத்தாராம். அதைப் படமெடுத்துக் கலைக்கூடங்களில் காட்டுகிறார்கள். வேலை வெட்டி இல்லாமல் செய்வதற்கெல்லாம் கலை என்று பெயரா?
- ஒரு வாசகர், திண்டுக்கல்

பதில்: கலைதான். 'வேலை வெட்டி இல்லாமல்' என்கிறீர்களே, அந்தச் சொல்லில் இருந்தே தொடங்குவோம்.

அலீஸ் பெல்ஜியத்தில் 1959இல் பிறந்தவர், கட்டடக்கலை படித்தவர். 1985 நிலநடுக்கத்தில் மெக்ஸிகோ நகரம் சிதைந்தபோது நிவாரண வேலைக்காக மறு ஆண்டு அங்கே போனார். அப்படியே தங்கிவிட்டார். அந்த நகரத்தின் பெரிய சதுக்கத்தில் தேவாலயக் கம்பி வேலியை ஒட்டி பிளம்பர், எலக்ட்ரீஷியன், பெயின்டர் எல்லாம் தங்கள் தொழிலை எழுதிய அட்டையை முன்னால் வைத்துக்கொண்டு கூலி வேலைக்குக் காத்திருப்பார்கள். 1994இல் அலீஸும் அவர்களோடு போய் நின்றார். அவர் அட்டையில் எழுதியிருந்தது 'சுற்றுலாப் பயணி'. உழைப்பவர்கள் நடுவே, வேடிக்கை பார்ப்பதையும் ஒரு வேலை என்று சொல்ல எனக்கு உரிமை உண்டா? நீங்கள் இன்று கேட்கும் கேள்வியை அவர் அன்றைக்கே நடுத்தெருவில் நின்று தன்னிடம் கேட்டுக்கொண்டார்.

ஐஸ் பார் 1997இல். முதலில் குனிந்து, உடம்பின் எடை முழுவதையும் கொடுத்துத் தள்ளுகிறார். மணி ஏற ஏற அது சிறுக்கிறது. கடைசியில் காலால் எத்திக்கொண்டு போகும் அளவுக்கு ஆகிவிடுகிறது, அப்புறம் ஈரம் மட்டும். படம் ஐந்து நிமிடம்தான், தயவுசெய்து முழுசாகப் பாருங்கள். விடிகாலையில் தள்ளுவண்டியோடு கிளம்பி, இருட்டும்போது ஏறக்குறைய வெறுங்கையோடு திரும்புகிறவர்கள் எந்த ஊரிலும் உண்டு. அவர்கள் நாள் முழுக்கப் பட்ட பாடு எங்கே போனது என்று நாம் கேட்பதே இல்லை. அலீஸ் தள்ளும்போது மட்டும் 'இதனால் என்ன பயன்' என்று கோபம் வருகிறது. அந்தக் கோபம் நியாயமானதுதான். அதை அந்தத் தள்ளுவண்டிக்காரர் வரைக்கும் கொண்டுபோங்கள் என்றுதான் கேட்கிறேன்.

கலைக்கூடங்களில் காசுக்காக ஓடும் சரக்கு நிறைய இருக்கிறது, அதில் உங்களோடு எனக்குச் சண்டை இல்லை. இவரை அந்தக் கணக்கில் சேர்க்க முடியாது. 2002இல் பெருவின் தலைநகர் லிமாவுக்கு வெளியே, உள்நாட்டுச் சண்டையாலும் வறுமையாலும் ஊரை விட்டு வந்தவர்களின் குடிசைகள் சூழ்ந்த ஒரு மணல் மேடு. 500 பேர் மண்வெட்டியோடு ஒரே வரிசையில் ஏறி அதைச் சுமார் 10 செ.மீ. நகர்த்தினார்கள். அடுத்த காற்றில் அதுவும் அழிந்திருக்கும். ஆனால் அத்தனை பேர் தாங்களாக வந்து வெயிலில் மணலை வாரினார்கள் என்ற கதை அழியவில்லை.

எனக்கு மிகவும் பிடித்தது அவருடைய குழந்தைகள் விளையாட்டுப் படங்கள். 1999இல் தொடங்கியவை, செங்குத்தான தெருவில் ஒரு பையன் பிளாஸ்டிக் பாட்டிலை மேல்நோக்கி உதைத்துக்கொண்டே போவதில் ஆரம்பம். பாட்டில் உருண்டு திரும்பி வருகிறது, அவன் விடுவதாக இல்லை. காத்மாண்டுவில் எடுத்த ஒன்றைப் பாருங்கள், நம் அஞ்சாங்கல்லுக்குச் சொந்தக்கார ஆட்டம். 2017இல் இராக்கின் மோசுல் நகரத்தில் எடுத்தது இன்னொன்று. ஐ.எஸ். அமைப்பு கால்பந்தைத் தடை செய்திருந்த ஊர் அது. இடிந்த வீடுகளுக்கு நடுவே பையன்கள் பந்தே இல்லாமல் கால்பந்து ஆடுகிறார்கள். இல்லாத பந்து எங்கே போகிறது என்று எல்லோருக்கும் தெரிகிறது, கொஞ்ச நேரத்தில் பார்க்கிற நமக்கும் தெரிய ஆரம்பிக்கிறது. இந்தப் படங்களை இணையத்தில் யாரும் இலவசமாகப் பார்க்கலாம்.

முடிந்தால் இன்னொன்றும். அதே மெக்ஸிகோ சதுக்கத்தின் நடுவில் ஒரு பெரிய கொடிக்கம்பம், வேறு நிழலே கிடையாது. 1999 மே 20 அன்று அதை 12 மணி நேரம் படமெடுத்தார். வெயிலுக்கு ஒதுங்கியவர்கள் அந்த ஒல்லியான நிழலுக்குள் வரிசையாக நிற்கிறார்கள். நிழல் நகர நகர அந்த வரிசையும் கடிகார முள் மாதிரி நகர்கிறது. திண்டுக்கல்லில் பஸ்ஸுக்குக் காத்திருந்தபோது கரண்ட் கம்பத்தின் நிழலில் நீங்களும் இப்படி ஒண்டி நின்றிருப்பீர்கள். அப்போது உங்கள் முன்னால் யார் நின்றார்கள், நினைவிருக்கிறதா?