மூன்று நிலா ஊரில் எந்த நிலாவுக்கு வட்டி?

கேள்வி: ஒரு ஃபேன்டசி நாவல் எழுதிக்கொண்டிருக்கிறேன். அந்த உலகத்துக்கு மூன்று நிலா. சின்ன நிலாவுக்கு 20 நாளைக்கு ஒரு பௌர்ணமி, நடுநிலாவுக்கு 30, பெரிய நிலாவுக்கு 40. வருஷத்துக்கு 360 நாள். 120 நாளைக்கு ஒருதரம் மூன்றும் ஒரே ராத்திரியில் நிறையும், அன்றைக்குத் திருவிழா. இந்த நாள்காட்டி சரியாக வருமா? (காரைக்குடியிலிருந்து ஒரு வாசகி)

பதில்: கணக்கு சரி. ரொம்பச் சரியாக இருக்கிறது, அதுதான் இடிக்கிறது. மிச்சம் என்று எதுவுமே விழவில்லை. நம்முடைய ஒற்றை நிலாவையே பாருங்கள், பௌர்ணமிக்குப் பௌர்ணமி 29.53 நாள், பன்னிரண்டு பௌர்ணமி போனால் 354 நாள் சொச்சம், வருஷமோ 365 நாள் கேட்கிறது. நடுவில் நிற்கிற இந்தப் பதினோரு நாளை என்ன செய்வது என்பதில்தான் ஊருக்கு ஊர் பஞ்சாங்கம் வேறுபட்டது. தெலுங்குப் பஞ்சாங்கம் மூன்று வருஷத்துக்குள் ஓர் அதிக மாதத்தைச் சேர்த்துச் சரிக்கட்டும், இஸ்லாமிய நாள்காட்டி சேர்க்காது, அதனால் ரம்ஜான் வருஷா வருஷம் பத்துப் பதினோரு நாள் முன்னே வரும், நாம் மாதத்தைச் சூரியனிடம் கொடுத்துவிட்டுத் திதியை மட்டும் நிலாவிடம் வைத்துக்கொண்டோம். மிச்சம் இல்லாவிட்டால் இந்தச் சுவாரசியம் எதுவும் இல்லை.

வானத்தில் இப்படி ஒழுங்கான கணக்கே கிடையாது என்று சொல்லமாட்டேன். வியாழனின் நிலாக்களில் அயோ நாலு சுற்று வருவதற்குள் யூரோப்பா இரண்டு சுற்று, கானிமீட் ஒரு சுற்று. ஆனால் எந்த ஈர்ப்பு அவற்றை இப்படிப் பூட்டி வைத்திருக்கிறதோ, அதுவே மூன்றும் ஒரே பக்கத்தில் ஒரே வரிசையில் வராதபடியும் தடுக்கிறது. அந்த மாதிரி அமைத்தால் உங்கள் திருவிழாவே நடக்காது!

அதனால் 23, 31, 47 என்று வைத்துப் பாருங்கள். மூன்றும் பகா எண்கள். பெருக்கினால் 33,511 நாள், உங்கள் 360 நாள் வருஷத்தில் ஏறக்குறைய 93 வருஷம். பாட்டி பார்த்ததைப் பேத்தி கதையாக மட்டும்தான் கேட்டிருப்பாள். ஆனால் இதில் ஒரு வில்லங்கம் உண்டு. முந்தின நாளும் மறுநாளும்கூட நிலா கண்ணுக்கு முழுசாகத்தான் தெரியும். அந்த மூன்று நாளையும் பௌர்ணமி என்று ஒத்துக்கொண்டால், அதே 93 வருஷத்துக்குள் மூன்று நிலாவும் ‘நிறைந்த’ நாட்கள் 27 வந்துவிடும், சராசரியாக மூன்றரை வருஷத்துக்கு ஒன்று. ஜனங்கள் அண்ணாந்து பார்த்துவிட்டுத் தேரை இழு என்பார்கள், கோயில் கணக்கர் இன்னும் அறுபது வருஷம் பாக்கி இருக்கிறது என்று ஓலையை நீட்டுவார். நாவலில் இரண்டு அத்தியாயத்துக்கு இது தாங்கும்.

கேள்வி: என் கதையில் ஒரு பௌர்ணமி நிலா கிழக்கே, ஒன்று உச்சியில், ஒன்று மேற்கே நிற்கிற காட்சி வருகிறது. நண்பன் தப்பு என்கிறான். (தேவகோட்டை)

பதில்: நண்பர் சொல்வது சரி. சூரியனுக்கு நேர் எதிரே இருந்தால்தான் நிலா முழுசாகத் தெரியும், ஆகவே மூன்றும் பௌர்ணமி என்றால் மூன்றும் வானத்தின் ஒரே மூலையில்தான் நிற்க வேண்டும். சூரியன் விழும்போது ஒன்றாகக் கிளம்பி, விடியும்போது ஒன்றாக இறங்கும். பாதைகள் கொஞ்சம் சாய்ந்திருந்தால் பக்கத்தில் பக்கத்தில் தெரியும், இல்லாவிட்டால் கிட்டே இருப்பது தூரத்தில் இருப்பதை மறைத்துவிடும். மேற்கே உதிக்கிற நிலாதான் வேண்டுமென்றால் அதற்கு வழி இருக்கிறது. செவ்வாயின் ஃபோபோஸ் 7 மணி 39 நிமிஷத்தில் ஒரு சுற்று முடித்துவிடுகிறது, செவ்வாய் தன்னைத்தானே சுற்றிக்கொள்வதைவிட அது வேகம், அதனால் அங்கே அது மேற்கே எழுந்து கிழக்கே போய் விழுகிறது.

கேள்வி: மூன்று நிலா இருந்தாலும் மாதக் கணக்குக்கு ஏதாவது ஒன்றைத்தானே வைத்துக்கொள்ள முடியும்? (பள்ளத்தூர்)

பதில்: ஏன் ஒன்று? உங்கள் வீட்டுச் சுவரில் மாட்டியிருக்கும் தினசரி காலண்டரின் ஒரே தாளில் இங்கிலீஷ் தேதி, தமிழ்த் தேதி, திதி, நட்சத்திரம் எல்லாம் இருக்கிறதே, ஒன்று இன்னொன்றைத் தொந்தரவு செய்கிறதா? சம்பளத்துக்கு ஒன்று, திவசத்துக்கு ஒன்று.

நகரத்தார் வீட்டுப் பிள்ளையார் நோன்பையே எடுத்துக்கொள்ளுங்கள். திருக்கார்த்திகையிலிருந்து 21ஆம் நாள், சஷ்டித் திதியும் சதய நட்சத்திரமும் கூடுகிற நேரம் பார்த்து, 21 நூலிழையைத் திரியாக்கி மாவுப் பிள்ளையாரில் ஏற்றி, சுடரோடு வாயில் போட்டுக்கொள்வார்கள். ஏன் 21? கார்த்திகை மூன்றாவது நட்சத்திரம், நாளுக்கு ஒன்றாக நிலா 21 நட்சத்திரம் நகர்ந்தால் 24ஆவதான சதயம். பௌர்ணமியிலிருந்து அமாவாசைக்கு 15 திதி, அப்புறம் ஆறு போனால் சஷ்டி, அதுவும் 21. நட்சத்திரச் சுற்று 27.3 நாள், திதிச் சுற்று 29.5 நாள், இந்த இரண்டும் சந்திக்கிற இடத்தில் நோன்பு. அந்தச் சின்ன வித்தியாசத்தால் திதியும் நட்சத்திரமும் ஒரு நாள் அப்படி இப்படி இழுக்கிற வருஷமும் வரும். நிலா என்னவோ ஒன்றுதான், சுற்று இரண்டாகிவிட்டது. மூன்று நிலா உள்ள ஊர் எத்தனை வைத்துக்கொள்ளும் என்று நீங்களே பார்த்துக்கொள்ளுங்கள்.

விதைப்புக்குச் சூரியன், விரதத்துக்கு நடுநிலா என்று பிரித்துக் கொடுத்துவிடலாம். வட்டியில்தான் சண்டை வரும். மாதம் நூற்றுக்கு ஒரு ரூபாய் என்று கடன் கொடுத்தால், 23 நாள் நிலாவுக்கு வருஷத்தில் பதினைந்தரை ரூபாய்க்கு மேல் வரும், 47 நாள் நிலாவுக்கு எட்டு ரூபாய்கூடத் தேறாது. நம் பக்கத்தில் கொடுக்கல் வாங்கல் பார்த்த குடும்பத்துக்காரர் யாராக இருந்தாலும் பத்திரத்தில் எந்த நிலா என்று எழுதாமல் ஒரு பைசா பெட்டியை விட்டு எடுத்திருக்கமாட்டார். கதையில் அப்படி எழுத மறந்த பத்திரம் ஒன்று மூன்று தலைமுறை கழித்துக் கிடைக்கட்டும், அப்புறம் வக்கீலைக் கூப்பிடுங்கள்.