சங்கத் தலைவர் தேர்தல் செல்லாது என்று மாவட்டப் பதிவாளரே அறிவிக்க முடியுமா, நீதிமன்றத்துக்குத்தான் போக வேண்டுமா?

முடியாது. அந்த அதிகாரம் உரிமையியல் நீதிமன்றத்துக்கே உண்டு. நான் வழக்கறிஞர் அல்லன். தண்டையார்பேட்டையில் இயங்கும் ஒரு தொண்டுச் சங்கத்தின் இணைச் செயலாளராக இருந்து, இதே தகராறில் வாதிகளுள் ஒருவனாக நின்றவன் என்ற முறையில் எழுதுகிறேன்.

உங்கள் சங்கத்திலும் இரு அணிகள் தனித்தனியே பொதுக்குழுவைக் கூட்டி, தனித்தனியே தலைவரைத் தேர்ந்தெடுத்து, நிர்வாகிகள் மாற்றத்தைப் பதிவாளருக்குத் தெரிவிக்கும் படிவம் 7-ஐ இருவருமே தாக்கல் செய்திருப்பார்கள் என்று ஊகிக்கிறேன். எங்களிடம் நடந்தது அதுதான். துறைமுகத்தில் வேலை பார்த்த பெரியவர்கள் சேர்ந்து தொடங்கிய சங்கம் எங்களுடையது. பகுதிப் பிள்ளைகளுக்குப் பள்ளிக் கட்டணம் கட்டுவதும் மாலை வகுப்பு நடத்துவதும்தான் அதன் பணி. பதவிக்காலம் முடியும் தறுவாயில் இருந்த நிர்வாகக் குழு, பொதுக்குழு அறிவிப்பு வெளியாவதற்குச் சற்று முன்னர், சந்தா செலுத்திய ரசீது கூட இல்லாத பலரை உறுப்பினர் பதிவேட்டில் சேர்த்து, அவர்களின் வாக்குகளைக் கொண்டே மீண்டும் வென்றதாக அறிவித்துக்கொண்டது.

நாங்கள் முதலில் மாவட்டப் பதிவாளரிடம்தான் சென்றோம். தமிழ்நாடு சங்கங்கள் பதிவுச் சட்டம், 1975-இன் 36-ஆம் பிரிவு, சங்கத்தின் அமைப்பு, செயல்பாடு, நிதிநிலை ஆகியவற்றை விசாரிக்கும் அதிகாரத்தைப் பதிவாளருக்கு அளிக்கிறது. அவர் தாமாகவும் விசாரிக்கலாம், நிர்வாகக் குழுவில் பெரும்பான்மையினரோ மொத்த உறுப்பினர்களில் மூன்றில் ஒரு பங்கினரோ மனு அளித்தாலும் விசாரிக்கலாம். எங்களுக்கு அந்த மூன்றில் ஒரு பங்கு கையெழுத்து இருந்தது. விசாரணையும் நடந்தது. முடிவில், எவருடைய தேர்தல் செல்லும் என்பது சாட்சியம் பதிவு செய்து தீர்மானிக்க வேண்டிய பிணக்கு என்றும், உரிமையியல் நீதிமன்றத்தை அணுகிக்கொள்ளலாம் என்றும் உத்தரவு வந்தது. அன்று எங்களில் பலர் கொதித்துப் போனார்கள். ஆனால் சட்டப்படி அந்த உத்தரவு சரியானதே. படிவம் 7-ஐ ஏற்பதற்காகப் பதிவாளர் சுருக்கமான விசாரணை நடத்தலாமே தவிர, தேர்தல் வழக்கை விசாரிக்கும் நீதிமன்றமாகச் செயல்பட முடியாது என்பதைச் சென்னை உயர் நீதிமன்றம் பல தீர்ப்புகளில் கூறியிருக்கிறது. உத்தரப் பிரதேசத்தில் இத்தகைய தேர்தல் தகராறுகளைத் தீர்ப்பதற்கென்றே தனி அதிகாரியைச் சட்டம் ஏற்படுத்தியிருக்கிறது. நம் சட்டத்தில் அப்படி ஓர் அமைப்பு இல்லை.

ஆகவே, உயர் நீதிமன்ற வளாகத்திலுள்ள நகர உரிமையியல் நீதிமன்றத்தில், தேர்தல் செல்லாது என்று நீதிமன்றமே அறிவிக்கும் விளம்புகையும் அந்தக் குழு செயல்படுவதற்குத் தடையும் கோரி வழக்குத் தொடுத்தோம். ‘நிர்வாகக் குழுவின் முடிவே இறுதியானது, உறுப்பினர் எவரும் நீதிமன்றம் செல்லக் கூடாது’ என்று சங்கத்தின் துணை விதியில் இருந்த வரியை எதிர்த்தரப்பு பெரிதாக எடுத்துக் காட்டியது. சட்டம் வெளிப்படையாகவோ உட்கிடையாகவோ தடை செய்யாத எல்லா உரிமையியல் வழக்குகளையும் விசாரிக்கும் அதிகாரத்தை உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 9-ஆம் பிரிவு நீதிமன்றத்துக்கு அளித்திருக்கிறது. அதை ஒரு சங்கம் தன் துணை விதியால் பறித்துவிட முடியாது. உரிமையை நிலைநாட்ட நீதிமன்றம் செல்வதையே முற்றிலும் தடுக்கும் உடன்பாடு செல்லாது என்று ஒப்பந்தச் சட்டத்தின் 28-ஆம் பிரிவும் சொல்கிறது. உங்கள் துணை விதியிலும் அப்படி ஒரு வரி இருந்தால் அஞ்ச வேண்டாம். ஆனால், உள்ளே முறையீடு செய்ய வழி வகுத்திருந்தால் அதை முதலில் பயன்படுத்திவிடுங்கள்.

‘கோர்ட்டுக்குப் போய்ச் சங்கத்தின் மானத்தை வாங்கிவிட்டீர்களே, அண்ணே’ என்று இன்றும் என்னிடம் சொல்பவர்கள் இருக்கிறார்கள். இதைப் படித்துவிட்டு நீங்களும் சொல்லலாம். பெரியவர்களை வைத்துப் பலமுறை பேசிப் பார்த்தோம், எதிர்த்தரப்பு பதிவேட்டைக் காட்டவே மறுத்தது என்பதை அவர்கள் சொல்வதில்லை. எனக்கு இன்றுவரை ஆறாத வருத்தம் வேறு: இரு தரப்பும் உரிமை கோரியதால் வங்கிக் கணக்கு முடக்கப்பட்டு, அந்தக் கல்வியாண்டில் பிள்ளைகளுக்குக் கட்டணம் கட்ட இயலாமல் போயிற்று. இடைக்கால மனுவிலேயே பள்ளிக் கட்டணத்துக்கு மட்டுமாவது பணம் எடுக்க அனுமதி கேட்கும்படி உங்கள் வழக்கறிஞரிடம் கட்டாயம் சொல்லுங்கள்.

இறுதியில் நீதிமன்றம் தன் சார்பில் பணியாற்ற ஒரு வழக்கறிஞரை ஆணையராக நியமித்து, தகராறுக்கு முந்தைய உறுப்பினர் பட்டியலை வைத்து மறுதேர்தல் நடத்த உத்தரவிட்டது. எங்களுக்குக் கைகொடுத்தது, முந்தைய ஆண்டுகளில் பதிவாளரிடம் தாக்கலான பட்டியல்களின் சான்றிட்ட நகல்கள்தாம். சங்கத்தில் இருக்கும் பதிவேட்டைத் திருத்தி எழுதிவிட முடியும். பதிவாளர் கோப்பில் ஏறிவிட்டதை அவ்வாறு செய்ய முடியாது. வழக்கறிஞர் அறிவிப்பு அனுப்புவதற்கு முன்பாகவே, கட்டணம் செலுத்தி அந்த நகல்களை வாங்கிவிடுங்கள். நிர்வாகக் குழுவின் பதவிக்காலம் மூன்று ஆண்டுகளுக்கு மேற்படக் கூடாது என்பதால், கடைசியாக ஏற்கப்பட்ட படிவம் 7-இன் தேதியையும் அப்போதே குறித்துக்கொள்ளுங்கள். தாமதித்தால், வழக்கு விசாரணைக்கு வருவதற்குள் அந்தக் காலமே முடிந்துவிடக்கூடும்.