அமெரிக்க நாவலாசிரியர் ஜிம் தாம்சனின் கொலைக்கதைகளைப் படிக்கும்போது ஏன் சிரிப்பு வருகிறது?

கொலைகாரனே கதை சொல்கிறான், அதுவும் அப்பாவி வேஷத்தில். 1952இல் வந்த 'தி கில்லர் இன்சைட் மீ' நாவலின் லூ ஃபோர்ட், டெக்சாஸ் சிறுநகரம் ஒன்றில் துணை ஷெரீஃப், அதாவது உள்ளூர்ப் போலீஸ் அதிகாரி. ஆளைப் பிடித்து நிறுத்தி, தேய்ந்துபோன பொன்மொழிகளாகவே பேசி அறுப்பான். எதிராளி நெளிவதில் அவனுக்கு ஒரு ருசி.

1964இல் வந்த 'பாப். 1280' ('மக்கள்தொகை 1280') நாவல் இன்னும் மோசம் (நல்ல அர்த்தத்தில்தான்). நீதிமன்றத்துக்குப் பக்கத்தில் நாறும் கழிப்பறையை ஒழிக்க ஷெரீஃப் நிக் கோரி மனு போடுவதில்லை. ராத்திரியோடு ராத்திரியாகத் தரைப்பலகையின் ஆணிகளைத் தளர்த்திவிடுகிறான். காலையில் பேங்க் முதலாளி உள்ளே விழுகிறார்.

எல்லாருக்கும் எல்லாரையும் தெரிந்த ஊரில்தான் இந்த விளையாட்டு எடுபடும். பெருநகரத்தில் 'பாவம், சாதுப் பிள்ளை' என்று யார் நம்புவார்கள்? தாம்சனின் அப்பாவும் ஓக்லஹோமாவில் ஷெரீஃபாக இருந்தவர்தான்.